கோடெலின் சுழலும் அண்டம்: காலமும் காரணமும் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கர்ட் கோடெல் 1949ஆம் ஆண்டில் கணிதத்தின் துணையோடு ஓர் உலகத்தைக் கட்டிக் காட்டினார். அந்த உலகம், ஈர்ப்பை விளக்கும் ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல் சமன்பாடுகளுக்கு முழுமையாகக் கட்டுப்படுகிறது. ஆனால் அது நாம் வாழும் உலகம் அன்று. அங்கே ஒருவர் ஒவ்வொரு கணமும் எதிர்காலத்தை நோக்கியே சென்றுகொண்டிருந்து, இறுதியில் தம் கடந்தகாலத்தில் போய் நிற்க முடியும். இந்த உலகத்தைப் பற்றி வாசகர்கள் மீண்டும் மீண்டும் எழுப்பும் கேள்விகளுக்குக் கணிதக் குறியீடுகளை இயன்றவரை தவிர்த்து இங்கே விடை எழுதப்பட்டுள்ளது.

இது கற்பனைக் கதையா, அறிவியலா?

உலகம் கற்பனை, விதிகள் மெய்யானவை. ஒரு கதாசிரியர் புதிய உலகத்தைப் படைக்கும்போது அதற்கு வேண்டிய விதிகளையும் சேர்த்தே படைத்துக்கொள்ளலாம். கோடெல் அந்தச் சுதந்திரத்தை எடுத்துக்கொள்ளவில்லை. கோள்களின் இயக்கத்தையும் ஒளியின் வளைவையும் விளக்கும் அதே புலச் சமன்பாடுகளை எடுத்துக்கொண்டு, பொருள் வேறு விதமாகப் பரவியிருந்து வேறு விதமாக இயங்கினால் அந்தச் சமன்பாடுகள் எத்தகைய காலத்தை அனுமதிக்கும் என்று கேட்டார். அவருக்குக் கிடைத்த விடை தோராயமானதன்று. சமன்பாடுகளின் துல்லியமான தீர்வு. ஆகவே அந்த உலகத்தின் காலம் நமக்கு எவ்வளவு விசித்திரமாகத் தோன்றினாலும், அந்த விசித்திரம் நாம் நம்பிக் கையாளும் கோட்பாட்டுக்குள்ளேயே இருப்பது. இந்த ஒன்றை மனத்தில் இருத்திக்கொண்டால்தான் பின்வரும் விடைகளின் எடை புரியும்.

கோடெல் யார்? காலத்தைப் பற்றி அவருக்கு ஏன் இவ்வளவு அக்கறை?

கோடெல் 1906இல் இன்றைய செக் நாட்டின் புர்னோ நகரில் பிறந்து, வியன்னாவில் படித்து, கணிதத்தில் நிறுவவோ மறுக்கவோ முடியாத கூற்றுகள் உண்டு என்று காட்டும் முழுமையின்மைத் தேற்றங்களை 1931இல் வெளியிட்டதால் உலகப் புகழ் பெற்றவர். 1940இல் ஐரோப்பாவை விட்டு வெளியேறி அமெரிக்காவின் பிரின்ஸ்டன் உயராய்வு நிறுவனத்தை அடைந்தார். அங்கே அவருக்கும் ஐன்ஸ்டைனுக்கும் ஏற்பட்ட நட்பு 1955இல் ஐன்ஸ்டைன் மறையும்வரை நீடித்தது. இருவரும் பேசிக்கொண்டே நடந்து வீடு திரும்புவது வழக்கம்.

1949இல் ஐன்ஸ்டைனுக்கு எழுபது வயது நிறைந்ததை ஒட்டி அவரைப் பற்றிய ஒரு கட்டுரைத் தொகுதி தயாரானது. அதற்கு எழுத ஒப்புக்கொண்ட கோடெல், சார்பியலுக்கும் காலம் பற்றிய ஜெர்மன் தத்துவ அறிஞர் கான்ட்டின் கருத்துக்கும் உள்ள உறவை எடுத்துக்கொண்டார். காலத்தின் ஓட்டம் உலகத்தில் இருப்பதா, அல்லது உலகத்தை நாம் அறியும் முறையில் இருப்பதா என்ற பழைய கேள்வியே அவருடைய தொடக்கம். அந்த ஆராய்ச்சி அவரைச் சுழலும் அண்டத்துக்குக் கொண்டுவந்து சேர்த்தது. கணிதப் பகுதி அதே ஆண்டில் ஓர் இயற்பியல் ஆய்விதழில் நான்கே பக்கங்களில் வெளியானது.

அந்த உலகத்தில் என்ன இருக்கிறது?

மிக எளிய பொருள்கள்தாம். எங்கும் ஒரே அடர்த்தியில் பரவிய, அழுத்தமில்லாத தூசி இருக்கிறது. அதன் ஒவ்வொரு துகளையும் ஒரு விண்மீன் மண்டலமாகக் கொள்ளலாம். வெற்றுவெளிக்கே உரிய ஈர்ப்பு அல்லது விலக்கு விளைவைக் குறிக்க ஐன்ஸ்டைன் தம் சமன்பாட்டில் சேர்த்த எண்ணான அண்டவியல் மாறிலி இருக்கிறது; அதன் மதிப்பு எதிர்மமானது. அந்தத் தூசி முழுவதும் சுழல்கிறது. அந்த அண்டம் விரிவதும் இல்லை, சுருங்குவதும் இல்லை. பெருவெடிப்புப் போன்ற தொடக்கமும் அதற்குக் கிடையாது. கருந்துளையின் உள்ளே இருப்பதுபோலச் சமன்பாடுகள் முறிந்துபோகும் புள்ளிகளும் கிடையா. எந்த இடத்தில் நின்று பார்த்தாலும் அது ஒன்றுபோலவே தோன்றும். எல்லாத் திசைகளும் மட்டும் ஒன்றுபோல் இரா, ஏனெனில் சுழற்சி அச்சின் திசை மற்றத் திசைகளிலிருந்து தனித்து நிற்கும்.

அண்டம் முழுவதும் சுழல்கிறது என்றால் எதைச் சுற்றிச் சுழல்கிறது?

இந்தக் கேள்வி மிகவும் நியாயமானது. அண்டத்துக்கு வெளியே எதுவும் இல்லாதபோது அது எதற்கு எதிராகச் சுழலும்?

விடை, வெளியே பார்க்காமல் உள்ளேயே பார்ப்பதில் இருக்கிறது. ஒரு கைரோஸ்கோப்பைக் கையில் எடுத்துக்கொள்ளுங்கள். வேகமாகச் சுழலும் அதன் உருளை, விசை எதுவும் தாக்காதவரை தன் அச்சின் திசையை மாற்றிக்கொள்ளாது; விமானங்களும் கப்பல்களும் திசை அறிய இந்தப் பண்பையே பயன்படுத்தின. கோடெலின் உலகத்தில் ஒருவர் தம் விண்மீன் மண்டலத்தில் நின்றுகொண்டு, கைரோஸ்கோப்பின் அச்சைச் சுற்றியுள்ள மண்டலங்களில் ஒன்றை நோக்கி நிறுத்தினால், காலப்போக்கில் அந்த மண்டலம் அச்சின் திசையை விட்டு மெல்ல விலகிச் செல்வதைக் காண்பார். மண்டலங்கள் எல்லாம் சேர்ந்து கைரோஸ்கோப்பைச் சுற்றி வரும். அண்டம் சுழல்கிறது என்பதற்கு இதுதான் பொருள்.

இதில் இன்னொரு செய்தியும் உண்டு. பொருளின் அடர்த்தியை ஒரு கன சென்டிமீட்டருக்கு 10இன் எதிர்ம 30ஆம் அடுக்குக் கிராம் என்று கோடெல் எடுத்துக்கொண்டு கணக்கிட்டபோது, ஒரு முழுச் சுற்றுக்கு ஏறத்தாழ 20,000 கோடி ஆண்டுகள் ஆகும் என்று கிடைத்தது. நம் அண்டத்தின் வயது 1,380 கோடி ஆண்டுகள் என்பதோடு ஒப்பிட்டால் அந்தச் சுழற்சி எவ்வளவு மெதுவானது என்பது விளங்கும். எல்லா இடங்களும் சமமானவை என்பதால் நடு அச்சு என்று தனியாக ஓரிடம் கிடையாது. யார் எங்கே நின்றாலும் தம்மைச் சுற்றியே அனைத்தும் சுழல்வதாகக் காண்பார். அனைவர் காண்பதும் சரியே.

காலம் எவ்வாறு தன்னிடமே திரும்பி வருகிறது?

இதை விளங்கிக்கொள்ள ஒளிக்கூம்பு என்ற கருத்து தேவை. ஒரு நிகழ்வை எடுத்துக்கொள்ளுங்கள்: ஓர் இடத்தில், ஒரு கணத்தில், ஒரு விளக்கு மின்னுகிறது. அந்த ஒளி நாற்புறமும் பரவுகிறது. இடத்தைக் கிடையாகவும் காலத்தைச் செங்குத்தாகவும் வைத்து வரைந்தால், பரவும் ஒளி மேல்நோக்கி விரியும் ஒரு கூம்பாக அமையும். ஒளியை மிஞ்சும் வேகம் எதற்கும் இல்லை; ஆகவே அந்த நிகழ்வில் இருக்கும் எந்தப் பொருளின் எதிர்காலமும் அந்தக் கூம்புக்குள்ளேயே அடங்க வேண்டும். நம் அன்றாட உலகத்தில் இந்தக் கூம்புகள் யாவும் ஒரே வாக்கில், நிமிர்ந்து நிற்கின்றன. அதனால் கூம்புக்குள்ளேயே சென்றுகொண்டிருப்பவர் தொடங்கிய கணத்துக்குத் திரும்ப வழியில்லை.

கோடெலின் உலகத்தில் சுழற்சி இந்தக் கூம்புகளைச் சாய்க்கிறது. நீங்கள் நிற்கும் இடத்தை அச்சாகக் கொண்டால், அருகில் உள்ள கூம்புகள் நிமிர்ந்தே இருக்கும். தொலைவு கூடக்கூட அவை சுற்றுத் திசையில் சாய்ந்துகொண்டே போகும். குறிப்பிட்ட ஒரு தொலைவில், அச்சைச் சுற்றி வரைந்த வட்டம் கூம்பின் விளிம்பைத் தொடும். அதற்கும் அப்பால், அந்த வட்டம் கூம்பின் உள்ளேயே வந்துவிடும். அதாவது, அங்கே அச்சைச் சுற்றி வருவது என்பதே காலத்தில் முன்னோக்கிச் செல்வதாக ஆகிவிடுகிறது. மேலே சொன்ன அடர்த்தியை வைத்துக் கணக்கிட்டால் அந்தத் தொலைவு ஏறத்தாழ 4,300 கோடி ஒளியாண்டுகள்.

பயணம் மூன்று கட்டமாக நடக்கும். முதலில் பயணி அச்சிலிருந்து புறப்பட்டு அந்த எல்லைக்கு அப்பால் செல்கிறார். அடுத்து, அச்சைச் சுற்றி வட்டமிடுகிறார். கூம்புகள் போதிய அளவு சாய்ந்திருப்பதால், ஒவ்வொரு சுற்றிலும் அச்சின் கடிகாரம் காட்டும் நேரத்தை ஒப்பிட்டுப் பார்த்தால் அவர் சிறிது முற்பட்ட நேரத்துக்கு நழுவிக்கொண்டே வர முடிகிறது. போதிய சுற்றுகள் முடிந்ததும் உள்நோக்கித் திரும்பி, புறப்பட்ட இடத்துக்கே வருகிறார். அவர் வந்து சேரும் கணம், அவர் புறப்பட்ட கணத்துக்கு முந்தியது. இத்தகைய பாதையை மூடிய காலப்பாதை என்று அழைக்கலாம்.

காலம் வளையமாக இருக்கும் உலகத்தை மலிவாகவும் உருவாக்கலாம்: ஒரு காகிதத்தைச் சுருட்டி மேல் விளிம்பைக் கீழ் விளிம்போடு ஒட்டுவதுபோல, இடமும் காலமும் சேர்ந்த காலவெளியின் முடிவைத் தொடக்கத்தோடு ஒட்டிவிட்டால் போதும். அது வெறும் ஒட்டுவேலை. ஒட்டைப் பிரித்துவிட்டால் வளையமும் மறைந்துவிடும். கோடெலின் உலகத்தில் அவ்வாறு எதுவும் ஒட்டப்படவில்லை. பொருளும் அதன் சுழற்சியும் காலவெளியை வளைப்பதனாலேயே அந்தப் பாதைகள் மூடிக்கொள்கின்றன. இந்தக் கண்டுபிடிப்பின் சிறப்பே இங்குதான் இருக்கிறது என்பது என் கருத்து.

பயணியின் கடிகாரம் பின்னோக்கி ஓடுமா? அவர் இளமையாகிவிடுவாரா?

இல்லை. அவருடைய கடிகாரம் முன்னோக்கியே ஓடும், அவருக்கு வயது ஏறும், நினைவுகள் சேரும். பயணத்தின் எந்தக் கட்டத்திலும் அவர் காலத்தில் பின்வாங்குவதில்லை. அந்த உலகத்தில் எதிர்காலத் திசை எது, கடந்தகாலத் திசை எது என்பதை எல்லா இடங்களிலும் முரணின்றிக் குறித்துவிட முடியும். பயணி ஓர் அடிகூட அதை மீறுவதில்லை.

அங்கே வாழ்பவர் வானத்தில் எதைக் காண்பார்?

ஒரு விளக்கை மின்னவிட்டு, சுழற்சி அச்சுக்குச் செங்குத்தான தளத்தில் பரவும் ஒளியை மட்டும் பின்தொடர்வோம். எந்தக் கதிரும் நேராக ஓடிப்போய்விடாது. ஒவ்வொன்றும் வளைந்து, நாம் மேலே கண்ட அதே 4,300 கோடி ஒளியாண்டுத் தொலைவைத் தொட்டு, மறுபடியும் வளைந்து உள்நோக்கித் திரும்பும். எல்லாக் கதிர்களும் ஒரே சமயத்தில், விளக்கு இருந்த இடத்துக்கே வந்து குவியும். விளக்கின் அருகிலேயே நின்றவர், ஏறத்தாழ 6,400 கோடி ஆண்டுகள் கழித்து, தாம் மின்னவிட்ட அதே ஒளி அந்தத் தளத்தின் அத்தனை திசைகளிலிருந்தும் தம்மை நோக்கி வருவதைக் காண்பார்.

போகவர 8,600 கோடி ஒளியாண்டுகள் இருக்கும்போது ஒளி எப்படி 6,400 கோடி ஆண்டுகளில் திரும்பும் என்று கூர்ந்து படிப்பவர் கேட்கலாம். ஒளி எங்கும் தன் வேகத்தை மீறவில்லை. அந்த உலகத்தில் தொலைவில் உள்ள கடிகாரங்களையும் அருகில் உள்ள கடிகாரத்தையும் ஒரே சீராக ஒத்திசைத்து வைக்க முடியாது. தொலைவை நேரத்தால் வகுத்து வேகம் காணும் நம் வழக்கம் அங்கே பெருந்தொலைவுகளுக்குச் செல்லாது. சுழற்சியின் நேரடி விளைவு இது.

விண்மீன் மண்டலங்கள் விலகிச் செல்லாததால் அங்கே வானத்தில் செம்பெயர்ச்சியும் இராது. அதாவது, தொலைதூர மண்டலங்களின் ஒளி சிவப்பை நோக்கி நகர்ந்திராது.

அப்படிப் பயணம் செய்ய என்ன தேவைப்படும்?

இதையும் கோடெலே கணக்கிட்டார். விண்கலத்தின் வேகம் எப்போதும் ஒளியின் வேகத்தில் குறைந்தது 71 விழுக்காடாக, அதாவது நொடிக்கு ஏறத்தாழ 2,12,000 கிலோமீட்டராக இருக்க வேண்டும். எரிபொருள் முழுவதையும் மிச்சமின்றி ஆற்றலாக மாற்ற முடியும் என்று வைத்துக்கொண்டாலும், தேவைப்படும் எரிபொருளின் எடை கலத்தின் எடையைப் போல் 10இன் 22ஆம் அடுக்கு மடங்கு. அதைப் பயணி தம் கடிகாரப்படி செலவிடும் ஆண்டுகளின் வர்க்கத்தால் வகுத்துக்கொள்ள வேண்டும்.

இந்தச் சூத்திரத்தில் எண்களை இட்டுப் பார்ப்போம். பயணத்தைப் பத்து ஆண்டுகளில் முடிக்க விரும்பினால், பத்தின் வர்க்கம் நூறு. ஆகவே கலத்தின் எடையைப் போல் 10இன் 20ஆம் அடுக்கு மடங்கு எரிபொருள் வேண்டும். கலம் 60 டன் எடை என்றால் எரிபொருளின் நிறை ஏறத்தாழ பூமியின் நிறைக்குச் சமமாகிவிடும். ஒரு டன் எடையுள்ள சிறு கலத்துக்குக்கூட நிலாவின் நிறையை மிஞ்சிய எரிபொருள் தேவை. அவசரம் இல்லாதவருக்குச் செலவு குறையும், ஆனால் எந்த மனித ஆயுளுக்குள்ளும் அது கட்டுப்படியாகும் அளவுக்குக் குறையாது.

கடந்தகாலத்துக்குப் போய்த் தம்மையே தடுத்துவிட்டால் என்ன ஆகும்?

காலப் பயணம் பற்றிய எல்லாப் பேச்சிலும் வரும் முரண் இது. ஒருவர் தம் இளமைக்காலத்துக்குப் போய், இளைஞரான தமக்கு ஏதோ ஒன்றைச் செய்கிறார். ஆனால் அப்படி எதுவும் தமக்கு நடக்கவில்லை என்று அவருக்கு நினைவிருக்கிறது. முன்னுக்குப் பின் முரணான இரண்டு செய்திகளும் மெய்யாக இருக்க முடியாது. எனவே அத்தகைய உலகமே இருக்க முடியாது என்பது வாதம்.

கோடெல் இந்த வாதத்தைத் தாமே எழுப்பி, தாமே விடையும் சொன்னார். ஒருவர் அந்தப் பயணத்தை நடைமுறையில் செய்து முடிக்க முடியும் என்று ஏற்றுக்கொண்டால்தான் முரண் எழும். அதற்குத் தேவையான வேகங்கள் எந்தக் காலத்திலும் எட்டக்கூடியவையாகத் தோன்றவில்லை. ஆகவே இந்த வாதத்தைக் கொண்டு மட்டும் அந்த உலகத்தை முன்கூட்டியே ஒதுக்கிவிட முடியாது என்றார். மேலே நாம் போட்ட எரிபொருள் கணக்கின் நோக்கம் இதுவே.

இந்த விடை எனக்கு நிறைவு தரவில்லை. நடைமுறையில் இயலாதது என்பதும் முரணற்றது என்பதும் வெவ்வேறு. பிற்காலத்தில் ரஷ்ய இயற்பியலாளர் இகோர் நோவிகோவ் முதலானோர் வகுத்த வழி இதைவிட உறுதியானது. மூடிய காலப்பாதை உள்ள உலகத்திலும் இயற்பியல் விதிகள் ஒவ்வோர் இடத்திலும் செல்லுபடியாக வேண்டும். ஆகவே சுற்றி வந்து தன்னோடு பொருந்தும் நிகழ்ச்சிகள் மட்டுமே அங்கே நிகழும் என்பது அவர்கள் நிலைப்பாடு. கடந்தகாலத்துக்குச் சென்றவர் அங்கே செய்வது எதுவானாலும், அது முன்பே நடந்து முடிந்த வரலாற்றின் பகுதியாகத்தான் இருக்கும். இதில் முரண் இல்லை. ஆனால் நினைத்ததைச் செய்யும் சுதந்திரம் என்று நாம் கருதுவது அங்கே எந்த அளவுக்கு எஞ்சும் என்ற கேள்வி கூர்மையாகிவிடுகிறது.

அப்படியானால் அந்த உலகத்தில் காரண காரியத் தொடர்பு பொய்த்துப்போகிறதா?

அருகில் பொய்ப்பதில்லை, அண்டம் தழுவிய அளவில் அது தன் பொருளை இழந்துவிடுகிறது. இந்த வேறுபாட்டைச் சற்று விரித்துச் சொல்ல வேண்டும்.

ஓர் அறைக்குள், ஒரு விண்மீன் மண்டலத்துக்குள், அதைவிடப் பெரிய வட்டாரத்துக்குள்ளும்கூட, அங்கே எல்லாம் நம் உலகத்தில் நடப்பதுபோலவே நடக்கும். தீக்குச்சியை உரசினால் தீப்பிடிக்கும். தீப்பிடித்த பின் உரசல் நிகழாது. அங்கே பிறந்து வளர்ந்த ஒருவர், தம் வட்டாரத்தை விட்டு வெளியே போகாமல், காரணம் முன்னே வரும், காரியம் பின்னே வரும் என்று பாடநூல் எழுதினால் அதில் ஒரு வரியைக்கூட நாம் திருத்த வேண்டியிராது.

அண்டம் முழுவதையும் எடுத்துக்கொண்டால் நிலைமை வேறு. கோடெலின் உலகத்தில் எந்த நிகழ்விலிருந்து புறப்பட்டாலும், எதிர்காலத்தை நோக்கியே சென்று, வேறு எந்த நிகழ்வையும் அடைந்துவிட முடியும். ஏதோ சில பயணிகளுக்கு மட்டும் திறந்திருக்கும் சிறப்பு வாசல் அன்று இது. அங்குள்ள ஒவ்வொரு புள்ளிக்கும் பொருந்தும் பொதுநிலை. ஒரு நிகழ்வு மற்றொன்றின் மீது தாக்கம் செலுத்த முடியுமா என்று கேட்டால் விடை எப்போதும் 'முடியும்' என்பதே. இரண்டின் இடத்தையும் மாற்றிக் கேட்டாலும் அதே விடைதான். எல்லாம் எல்லாவற்றுக்கும் காரணமாகக்கூடும் என்றான பிறகு, இது அதற்கு முந்தியது என்ற சொற்றொடருக்கு அண்ட அளவில் வேலை இல்லை.

இதிலிருந்து இன்னொன்றும் பின்தொடர்கிறது. இன்றைய நிலை முழுவதும் தெரிந்தால் நாளைய நிலையைக் கணித்துவிடலாம் என்பது பழைய இயற்பியலின் நம்பிக்கை. அதற்கு முதலில் 'இன்று' என்ற ஒன்று, அண்டம் முழுவதற்கும் பொதுவாக, வேண்டும். அண்டத்தின் எல்லா நிகழ்வுகளையும் நேற்று, இன்று, நாளை என்று அடுக்கடுக்காகப் பிரித்து வைப்பது கோடெலின் உலகத்தில் இயலாது. நம் அறிவு போதாததால் வரும் குறை அன்று இது. அங்கே பிரிப்பதற்கு அத்தகைய அடுக்குகளே இல்லை.

நம்முடையது அல்லாத உலகத்தில் காலம் எப்படியிருந்தால் நமக்கென்ன?

கோடெல் தம் முயற்சியின் உயிர்நாடியாகக் கருதியது இந்தக் கேள்வியைத்தான்.

1905ஆம் ஆண்டின் சிறப்புச் சார்பியல், ஒரே நேரத்தில் நிகழ்தல் என்பது பார்ப்பவரின் இயக்கத்தைப் பொறுத்தது என்று காட்டியது. எல்லோருக்கும் பொதுவான 'இப்போது' இல்லையென்றால், 'இப்போது' நகர்ந்துகொண்டே போவதாக நாம் கொண்டிருக்கும் கால ஓட்டமும் அடிப்படை இழக்கிறது. இதற்கு ஆங்கிலேய இயற்பியலாளர் ஜேம்ஸ் ஜீன்ஸ் போன்றோர் ஒரு மறுமொழி வைத்திருந்தனர். நாம் வாழும் அண்டத்தில் பொருள் பரவியிருக்கும் விதத்தைக் கொண்டு, விண்மீன் மண்டலங்களோடு சேர்ந்து நகர்பவர்களின் காலத்தைப் பொதுவான அண்டக் காலமாகக் கொள்ளலாம். அதன் மூலம் உலகம் தழுவிய 'இப்போது' மீண்டும் கிடைத்துவிடுகிறது என்றனர்.

கோடெலின் உலகம் இந்த மறுமொழிக்கு எதிராகக் கட்டப்பட்டது. அங்கே இயற்கை விதிகள் நம்முடையவையே. ஆனால் அண்டக் காலம் என்ற ஒன்றை வரையறுக்க வழியே இல்லை. ஆகவே பொதுவான காலம் விதிகளால் தரப்படுவது அன்று. பொருள் இவ்வாறு பரவியிருக்கிறது, இவ்வாறு இயங்குகிறது என்ற தற்செயலான நிலையால் வருவது. காலத்தின் ஓட்டம் மெய்யானதா என்பது அத்தகைய தற்செயலைப் பொறுத்து அமையுமானால், அந்த நிலைப்பாடு தத்துவத்தில் நிறைவளிக்காது என்று கோடெல் வாதிட்டார். அவர் இறுதியில் எடுத்த முடிவு, நம் உலகத்திலும் கால ஓட்டம் புறநிலையானதன்று என்பது.

இந்த வாதத்தின் முதல் பாதியை மறுக்க முடியாது; அது கணிதம். இரண்டாம் பாதியைத் தத்துவ அறிஞர் பலர் ஏற்கவில்லை. தற்செயலாக அமைந்தது என்பதாலேயே ஒன்று மெய்யில்லை என்று ஆகிவிடாது. பூமியில் உயிர் தோன்றியதும் விதிகள் கட்டாயப்படுத்தியதால் அன்று, ஆயினும் உயிர் மெய்யானது. நான் இந்த மறுப்பின் பக்கமே சாய்கிறேன். எனினும் கோடெல் வென்றெடுத்த இடம் சிறிதன்று. முன்னும் பின்னும் என்ற ஒழுங்கை உலகம் முழுவதற்கும் நிலைநாட்டுவது இயற்கை விதியின் வேலை என்று நாம் எண்ணிக்கொண்டிருந்தோம். விதி அந்தப் பொறுப்பை ஏற்கவில்லை என்பதை அவர் ஐயத்துக்கு இடமின்றிக் காட்டிவிட்டார்.

ஐன்ஸ்டைன் இதற்கு என்ன சொன்னார்?

அதே தொகுதியில் தம்மைப் பற்றிய கட்டுரைகளுக்கு அவர் மறுமொழி எழுதினார். கோடெலின் கட்டுரை பொதுச் சார்பியலுக்கு, குறிப்பாகக் காலம் என்ற கருத்தின் ஆய்வுக்கு, முக்கியமான பங்களிப்பு என்று பாராட்டினார். பொதுச் சார்பியலை உருவாக்கும்போதே இந்தச் சிக்கல் தம்மை உறுத்தியதாகவும், அப்போது அதைத் தெளிவுபடுத்த முடியவில்லை என்றும் ஒப்புக்கொண்டார். அருகருகே உள்ள இரண்டு புள்ளிகளுக்கு இடையில் ஒரு செய்தியை அனுப்புவது திரும்பப் பெற முடியாத செயல், அது என்ட்ரோபி, அதாவது ஒழுங்கின்மையின் அளவு, பெருகுவதோடு தொடர்புடையது, ஆகவே அங்கே முன்பின் என்ற திசை உறுதியாக உண்டு என்று விளக்கினார். ஆனால் அண்ட அளவிலான தொலைவுகளுக்கு அந்த உறுதி கிடைக்காமல் போகலாம் என்பதையும் ஏற்றார். இத்தகைய தீர்வுகளை இயற்பியல் காரணங்களைக் கொண்டு விலக்க வேண்டுமா என்பதை ஆராய்வது பயனுள்ளதாக இருக்கும் என்று முடித்தார்.

சந்திரசேகர் இதைத் தவறு என்று நிறுவிவிட்டதாகச் சொல்கிறார்களே?

சென்னை மாநிலக் கல்லூரியில் படித்து, பின்னாளில் 1983ஆம் ஆண்டு இயற்பியல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்ட சுப்பிரமணியன் சந்திரசேகர், 1961இல் ஜேம்ஸ் ரைட்டுடன் இணைந்து இந்த அண்டத்தைப் பற்றி ஒரு கட்டுரை வெளியிட்டார். எந்த உந்துவிசையும் இன்றி, ஈர்ப்பின் போக்கில் மட்டும் செல்லும் பொருள்களின் பாதைகளை இருவரும் முழுமையாகக் கணக்கிட்டனர். அப்பாதைகளில் ஒன்றுகூடத் தன் கடந்தகாலத்துக்குத் திரும்பி மூடிக்கொள்வதில்லை என்று கண்டு, இது கோடெல் சொன்னதற்கு மாறானது என்று எழுதினர்.

கணக்கு சரி. ஆனால் அது கோடெலை மறுக்கவில்லை. விசையின்றிச் செல்பவர் திரும்பி வருவார் என்று கோடெல் எங்கும் சொல்லவில்லை. அவர் பேசியது இயந்திரம் பொருத்திய கலத்தைப் பற்றி, அதனால்தான் எரிபொருளைக் கணக்கிட்டார். தத்துவ அறிஞர் ஹோவர்ட் ஸ்டைன் 1970இல் இதைத் தெளிவாக எடுத்துக்காட்டினார். எனினும் சந்திரசேகர், ரைட் இருவரின் கணக்கு இந்த உலகத்தைப் பற்றி ஓர் ஆழ்ந்த செய்தியைத் தருகிறது: அங்கே தம் போக்கில் விடப்பட்ட எந்தக் கல்லும், எந்தக் கோளும், எந்த விண்மீனும் தன் கடந்தகாலத்தில் போய் நிற்பதில்லை. அந்த வளையத்தை முடிக்க யாரேனும் ஒருவர் தொடர்ந்து முடுக்கிக்கொண்டே இருக்க வேண்டும்.

நம் அண்டமும் இப்படிச் சுழல்வதாக இருக்கலாமா?

கோடெலின் தீர்வு அப்படியே நமக்குப் பொருந்தாது. நம் அண்டம் விரிகிறது. விண்மீன் மண்டலங்களின் செம்பெயர்ச்சி அதற்குச் சான்று. மேலும், 1998இல் தொலைதூரச் சூப்பர்நோவாக்களை, அதாவது வெடித்துச் சிதறும் விண்மீன்களை, ஆராய்ந்தவர்கள் விரிவு வேகமெடுத்து வருவதைக் கண்டனர். அது அண்டவியல் மாறிலி நேர்ம மதிப்புடையது என்பதைச் சுட்டுகிறது. கோடெலுக்குத் தேவைப்பட்டது எதிர்ம மதிப்பு.

இந்தப் பொருத்தமின்மையைக் கோடெலும் அறிந்திருந்தார். 1950இல் அமெரிக்காவின் கேம்பிரிட்ஜில் கூடிய உலகக் கணிதவியலாளர் மாநாட்டில், சுழன்றுகொண்டே விரியும் அண்டங்களையும் அவர் விவரித்தார். அவற்றில் மூடிய காலப்பாதைகள் இல்லாதவையும் உண்டு. விண்மீன் மண்டலங்களின் சுழற்சித் திசைகளில் ஏதேனும் ஒருபக்கச் சாய்வு தென்படுகிறதா என்பதில் அவருடைய ஆர்வம் கடைசிவரை குறையவில்லை. அண்டம் முழுவதும் சுழன்றால் பெருவெடிப்பின் எச்சமான நுண்ணலைப் பின்னணிக் கதிர்வீச்சில் அதன் தடம் சுருள் வடிவில் பதிந்திருக்கும். பிளாங்க் விண்கலத்தின் அளவீடுகளைக் கொண்டு 2016இல் நடந்த ஆய்வு அத்தகைய தடம் எதையும் காணவில்லை.

காலப் பயணத்தை இயற்கை தடுக்கிறது என்று ஹாக்கிங் சொன்னாரே?

ஸ்டீபன் ஹாக்கிங் 1992இல் முன்வைத்தது ஓர் ஊகம். நிறுவப்பட்ட தேற்றம் அன்று. மூடிய காலப்பாதை எதுவும் இல்லாத உலகத்தில், ஒரு குறிப்பிட்ட இடத்தில், ஒருவர் புதிதாக அத்தகைய பாதையை உருவாக்க முயன்றால், குவாண்டம் விளைவுகள் பெருகி அதைக் குலைத்துவிடும் என்பது அதன் சாரம். கோடெலின் உலகத்தில் அந்தப் பாதைகளை யாரும் உருவாக்கவில்லை. அவை அங்கே எப்போதும் எங்கும் இருக்கின்றன. ஆகவே ஹாக்கிங்கின் ஊகம் மெய்யென்று நிறுவப்பட்டாலும், அது கோடெலின் உலகத்துக்கு நேரடியான மறுப்பாகாது.

கணிதத்தில் ஓரளவு பயிற்சி உள்ளவர் இதைத் தாமே சரிபார்க்க முடியுமா?

முடியும். முழுத் தீர்வையும் வருவிக்கப் பொதுச் சார்பியல் தெரிந்திருக்க வேண்டும்; மூடிய பாதை இருக்கிறதா என்பதை மட்டும் பார்க்க மேனிலைப் பள்ளிக் கணிதமும் கொஞ்சம் பொறுமையும் போதும். அச்சைச் சுற்றி ஒரு வட்டம் வரைந்துகொண்டு, அதன் மீது நேரத்தையும் உயரத்தையும் ஆரத்தையும் மாற்றாமல் கோணத்தை மட்டும் மாற்றிச் செல்வதாகக் கொள்ளுங்கள். கோடெலின் தீர்வில் அந்த நகர்வின் காலவெளி இடைவெளியை முடிவுசெய்வது ஒரே ஓர் உறுப்பு: ஆரத்தின் அதிபரவளைவு சைனின் (sinh) நான்காம் அடுக்கிலிருந்து அதன் இரண்டாம் அடுக்கைக் கழித்தது. அந்த வேறுபாடு எதிர்மமாக இருந்தால் வட்டம் சாதாரணமான, இடத்தில் கிடக்கும் வட்டம்; நேர்மமாக இருந்தால் அது ஒருவர் வாழ்ந்து கடக்கக்கூடிய காலப்பாதை.

ஓர் எண் ஒன்றைவிடச் சிறியதாக இருந்தால் அதன் நான்காம் அடுக்கு இரண்டாம் அடுக்கைவிடச் சிறியது. ஒன்றைவிடப் பெரியதாக இருந்தால் பெரியது. ஆகவே அதிபரவளைவு சைன் ஒன்றாகும் ஆரமே எல்லை. அந்த ஆரம், ஒன்றோடு இரண்டின் வர்க்கமூலத்தைக் கூட்டி எடுத்த இயல்மடக்கை, ஏறத்தாழ 0.881. முன்னே குறிப்பிட்ட 4,300 கோடி ஒளியாண்டு என்பது இந்த 0.881ஐ அந்த அண்டத்தின் நீள அலகால் பெருக்கக் கிடைத்ததுதான். அந்த அலகைப் பொருளின் அடர்த்தி ஒன்றே தீர்மானிக்கிறது. அடர்த்தியை நான்கு மடங்காக்கினால் எல்லை பாதித் தொலைவுக்கு நெருங்கி வரும்.